குண்டம்மாவும் கைத்தடியும்

பைக்குள் கையை விட்டதும் வில்லைகள் விரலுக்கு வழிவிட்டு ஒதுங்கின, பிறகு திரும்பி வந்து மொய்த்துக்கொண்டன. கேரம் காயைவிடக் கொஞ்சம் சிறிய மரவில்லைகள், ஒன்று முதல் தொண்ணூறு வரை, பாதிக்கு மேல் வெளியே வந்தாயிற்று, மிச்சமெல்லாம் என் கைக்குள், இந்த ஹாலில் இருக்கிற அத்தனை பேருடைய மூச்சும் என் கைக்குள் என்று திலகவதி நினைத்தாள், நினைத்த மாத்திரத்தில் இவ்வளவு கர்வம் ஆகாது என்றும் நினைத்தாள், ஏன் ஆகாது, யார் சொன்னது, அம்மா சொன்னது, அம்மா எதைத்தான் ஆகும் என்று சொன்னாள். வேலங்குறிச்சி ஜங்ஷன் ரயில்வே இன்ஸ்டிட்யூட்டில், சனிக்கிழமைதோறும் நடக்கிற ஹவுஸிக்கு, இன்று கிறிஸ்துமஸ் வாரத்து ஹவுஸிக்கு, எண் கூவுகிற இந்த நாற்காலியில் இதுவரை ஒரு பெண்பிள்ளை உட்கார்ந்ததில்லை, ஆங்கிலோ-இந்தியர் அல்லாத ஆண்பிள்ளையும் உட்கார்ந்ததில்லை, ஆக இரண்டு வேலியையும் ஒரே தாண்டாகத் தாண்டி அவள் வந்து உட்கார்ந்திருக்கிறாள், அரக்குப் பட்டுப்புடவையில், எதிரே மைக், இடது கைப்பக்கம் தொண்ணூறு குழி வெட்டிய பலகை. ஆட்டம் என்னவோ குழந்தை விளையாட்டுத்தான். ஆளுக்கொரு சீட்டு, சீட்டில் பதினைந்து எண், கூவுகிறவர் ஒவ்வொரு வில்லையாக எடுத்துக் கூவக்கூவ, தன் சீட்டில் இருப்பதைப் பென்சிலால் அடித்துக்கொண்டே போக வேண்டும், எல்லாம் அடிபட்டதும் ‘ஹவுஸ்’ என்று கத்த வேண்டும், அடுத்த எண் வாயைவிட்டு வருவதற்குள் கத்த வேண்டும். ஆடுவதற்கு அறிவு வேண்டாம், அதிர்ஷ்டம் போதும். கூவுவது அப்படியில்லை. மேடையேறுவதற்கு முன் செக்ரட்டரி நார்பெர்ட் சார் அவளை ஓரமாகக் கூப்பிட்டுச் சொன்னது இன்னமும் காதிலேயே நிற்கிறது.

“டில்லி, லுக், கமிட்டியிலே பாதிப் பேருக்கு இஷ்டமில்லே. ஸ்டேஷன்லே அனௌன்ஸ் பண்ற பொண்ணு, குரல் இருக்கு, ஒரு தடவை பாக்கலாம்னு நான்தான் சண்டை போட்டேன். டட்லி இருபத்தஞ்சு வருஷத்திலே ஒரு நம்பர் தப்பாக் கூவினதில்லே, ஒரு ராங் கால் குடுத்ததில்லே. நீ ஒண்ணே ஒண்ணு குடுத்தே, நியூ இயர்லேர்ந்து இந்த நாற்காலி உனக்கில்லே மேன்.”

திலகவதியை அவர்கள் டில்லி ஆக்கி எத்தனையோ வருஷமாயிற்று, முதலில் எரிச்சலாக இருந்தது, இப்போது இல்லை, யாருக்கும் சும்மா பெயர் வைக்க மாட்டார்கள், எண்ணுக்குக்கூடப் பிடித்திருந்தால்தான் பெயர் வைப்பார்கள். கையில் வந்த வில்லையைப் பார்த்தாள். எண்ணுக்குக் கீழே சின்னதாக ஒரு கோடு, எது தலை எது கால் என்று தெரிவதற்கு. “டூ லிட்டில் டக்ஸ், ட்வென்ட்டி டூ” என்றாள். இருபத்திரண்டைப் பார்த்தால் இரண்டு வாத்துக்குஞ்சு நீந்துவது மாதிரி இருக்கிறதாம், அதனால் அந்தப் பெயர். கூவியதும் ஹாலே க்வாக் க்வாக் என்று கத்த வேண்டும், அதுதான் வழக்கம். நாலைந்து சின்னப் பிள்ளைகள் கத்தின. பெரியவர்கள் மரியாதையாகக் குனிந்து சீட்டைப் பார்த்தார்கள்.

டட்லி ரொஸாரியோ கூவியிருந்தால் இந்நேரம் கூரை பிய்ந்திருக்கும். ரயில் கார்டு வேலையில் ரிட்டையரான மனிதர், ஐப்பசி மாதம் மூட்டைமுடிச்சோடு ஆஸ்திரேலியாவுக்கு மகளிடம் போய்ச் சேர்ந்துவிட்டார், ஆனால் குரலை இங்கேயே விட்டுவிட்டுத்தான் போயிருக்கிறார், இந்த மைக்குக்குள், இந்தப் பைக்குள், ஏன், திலகவதியின் தொண்டைக்குள்ளேயே. அப்பா ரயில்வேயில் தண்டவாளம் மாற்றிவிடுகிற பாயிண்ட்ஸ்மேன், அவர்களுடைய குவார்ட்டர்ஸ் இன்ஸ்டிட்யூட்டின் பின்சுவருக்கு அந்தப்புறம், சனிக்கிழமையானால் சுவருக்கு மேலே அந்தக் குரல் ஏறி வரும். அம்மா ஜன்னலைச் சாத்துவாள், சூதாட்டக்காரன் சத்தம் என்பாள், சாத்தின ஜன்னலில் காதை வைத்துக்கொண்டு புளியங்கொட்டையைத் தரையில் பரப்பி ஒரு சிறுமி தனக்குத்தானே ஆடிக்கொண்டிருப்பாள், எட்டு வயசு, ஒன்பது வயசு, பள்ளிக்கூடத்தில் இன்னும் ஆங்கிலமே ஆரம்பிக்கவில்லை. ஆரம்பித்த அன்று டீச்சர் ட்வென்ட்டி ஒன்னுக்கு அடுத்தது என்ன என்று கேட்டாள், வகுப்பே விழித்தது, இவள் ஒருத்திதான் எழுந்தாள், பெருமை தாங்காமல் “டூ லிட்டில் டக்ஸ்” என்றாள். விரல்முட்டியில் விழுந்த ஸ்கேல் அடி இன்னும் நினைவிருக்கிறது, அதைவிட நினைவிருப்பது, தனக்குத் தெரிந்தது இந்த டீச்சருக்குத் தெரியவில்லை என்று அழுதுகொண்டே சந்தோஷப்பட்டது. பின்னால் வேலைக்கு வந்து, டட்லியின் பக்கத்திலேயே நின்று பேசுகிற காலம் வந்தபோது ஒவ்வொரு பெயருக்கும் அர்த்தம் கேட்டுத் தெரிந்துகொண்டாள். எல்லாம் லண்டன் சரக்கு, அதுவும் துரைமார் பேச்சு இல்லை, துறைமுகத்தில் மூட்டை தூக்கினவனும் தெருவில் மீன் விற்றவனும் பேசின பேச்சு, பட்டாளத்துக்காரன் அதைக் கப்பலில் ஏற்றிக்கொண்டு வந்து இங்கே கொட்டிவிட்டுப் போயிருக்கிறான். ஒன்பதுக்கு ‘டாக்டர் ஆர்டர்’ என்று பெயர், பட்டாளத்தில் தலைவலி என்று போனாலும் கால்வலி என்று போனாலும் டாக்டர் ஒன்பதாம் நம்பர் மாத்திரையைக் கொடுத்து வயிற்றைக் கழுவிவிடுவானாம். பணத்துக்கும் இப்படித்தான், இருபத்தைந்து பவுண்டுக்குக் குட்டிக்குதிரை, ஐநூறுக்குக் குரங்கு. குரங்கு எப்படி ஐநூறாயிற்று என்றால் அந்தக் காலத்து இந்திய ரூபாய் நோட்டில் குரங்குப் படம் இருந்ததாம், அவர்தான் சொன்னார், அவரிடம் யார் சொன்னார்களோ. இன்னும் ஒரு படி மேலே போய், படிக்கட்டை அவர் ஸ்டேர்ஸ் என்றே சொல்ல மாட்டார், அந்த வார்த்தைக்கு எதுகையாக வருகிற பழத்தின் பெயரைச் சொல்ல வேண்டுமாம், ஆப்பிள்ஸ் அண்ட் பேர்ஸ், சொன்ன பிறகு எதுகைப் பழத்தையும் விழுங்கிவிட்டு வெறும் ஆப்பிளை மட்டும் வெளியே விட வேண்டுமாம். மைண்ட் தி ஆப்பிள்ஸ் டில்லி என்பார், அவள் குனிந்து பழம் உருண்டு கிடக்கிறதா என்று பார்த்திருக்கிறாள். வெளியாளுக்குப் புரியக் கூடாது, அதற்குத்தானே இவ்வளவு பாடும். போலீஸ்காரனுக்குப் புரியக் கூடாது, வாங்க வந்தவனுக்குப் புரியக் கூடாது. மாட்டுச் சந்தையில் துண்டைப் போட்டு மூடிக்கொண்டு விரலைப் பிடித்து விலை பேசுகிற தரகனும் இதைத்தானே செய்கிறான், லண்டன்காரன் துண்டுக்குப் பதில் வார்த்தையைப் போட்டு மூடுகிறான். அந்த மூடலுக்குள் கையை விட்டு, ஒவ்வொரு விரலாகத் தடவி, எல்லாவற்றையும் தெரிந்துகொண்டவள் நான், லண்டனைப் பார்த்ததில்லை, டட்லியும்தான் பார்த்ததில்லை, ஆஸ்திரேலியாவுக்குக் கிளம்புகிற வரைக்கும் அவர் கரூரைத் தாண்டிப் போனதே அபூர்வம்.

அடுத்த வில்லை, கெல்லீஸ் ஐ, ஒற்றைக் கண், நம்பர் ஒன். அதற்கு அடுத்தது, லெக்ஸ் இலெவன், இரண்டு கால், வழக்கப்படி விசில் அடிக்க வேண்டும். பட்டுப்புடவை கட்டின குடும்பப் பெண் ‘கால்’ என்று சொல்லும்போது விசிலடிக்கலாமா என்று ஆண்பிள்ளைகள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள், பின்வரிசையில் ஃபேனுக்குக் கீழே உட்கார்ந்து கடலை தின்றுகொண்டிருந்த சபாபதிதான் ஒற்றை ஆளாக விசிலடித்தார். புருஷனே விசிலடித்தால் அது கணக்கில் சேருமா. கூவுகிறவர் வீட்டார் சீட்டு வாங்கக் கூடாது, அதனால் பாவம் வெறுமனே வந்து உட்கார்ந்திருக்கிறார், கிளம்பும்போது செருப்பு மாட்டிக்கொண்டே, “ஸ்டேஷன்ல கூவுற மாதிரி அலுத்துக்கிட்டுக் கூவாதடி, ஜனங்க வண்டி லேட்டுன்னு எந்திரிச்சுப் போயிடுவாங்க” என்றார். அலுத்துக்கொள்கிறேனா நான். ஒரு நாளைக்கு எத்தனை தடவை, வருந்துகிறோம், வருந்துகிறோம், வண்டி நாற்பது நிமிஷம் தாமதமாக வந்துசேரும், தாமதத்துக்கு வருந்துகிறோம். எங்கேயோ சிக்னல் விழவில்லை, எவனோ எஞ்சினுக்குத் தண்ணீர் பிடிக்க மறந்தான், வருந்துவது என் குரல். ஊரான் செய்த தப்புக்கெல்லாம் ஒலிபெருக்கியில் வருந்தியாயிற்று, பிளாட்பாரத்தில் ஒரு நாய்கூடத் தலையைத் தூக்கிப் பார்த்ததில்லை. இங்கே பார், ஒவ்வொரு சொல்லுக்கும் பென்சில் அசைகிறது, ஒவ்வொரு சொல்லுக்கும் யாரோ ஒருத்திக்கு மூச்சு நிற்கிறது. இதுதான் குரல், அது வெறும் மணியடிப்பு. நாக்கு வறண்டது. தண்ணீர் டம்ளர் பலகைக்குப் பக்கத்தில் இருந்தது, எடுத்தால் ஆட்டம் ஒரு நொடி நிற்கும், எடுக்கவில்லை. தப்பு வந்துவிடக் கூடாது, இதுவரை வரவில்லை, இன்னும் கொஞ்சம்தான், யாராவது சீக்கிரம் ஹவுஸ் கத்தித் தொலைத்தால் நன்றாக இருக்கும், வேண்டாம், கத்த வேண்டாம், இன்னும் கொஞ்ச நேரம் நானே கூவுகிறேன். இன்னும் எண்பத்தொன்று வரவில்லையே.

எண்பத்தொன்றைத்தான் சாயங்காலம் முழுக்க அவள் எதிர்பார்த்துக்கொண்டிருந்தாள், எதிர்பார்த்துப் பயந்துகொண்டும் இருந்தாள். எட்டு ஒரு குண்டம்மா, பக்கத்தில் ஒன்று கைத்தடி, ‘ஃபேட் லேடி வித் எ வாக்கிங் ஸ்டிக்’. மேடைக்கு நேர் எதிரே முதல் வரிசையில், இரண்டு நாற்காலியை ஒட்டிப்போட்டு ஒருத்தியாக அமர்ந்து, நாற்காலி முதுகில் கைத்தடியை மாட்டிவிட்டு, இந்த ஆண்டு எழுபத்தாறு முடிந்த மேபல் கார்வாலோ ஆன்ட்டி இருக்கிறாள். டட்லி அந்த எண்ணைக் கூவும்போது கையை நீட்டி நேராக ஆன்ட்டியைக் காட்டுவார், ஆன்ட்டி கைத்தடியைத் தூக்கி அவரை அடிப்பதுபோல் ஓங்குவாள், ஹால் விழுந்து விழுந்து சிரிக்கும், எத்தனையோ வருஷமாக இதேதான், அலுத்ததே இல்லை. நான் காட்டலாமா. டட்லி அவர்கள் வீட்டுப் பிள்ளை, காட்டலாம், நான் பாயிண்ட்ஸ்மேன் மகள், ஒரு கிழவியைக் குண்டம்மா என்று கைநீட்டிச் சொன்னால் திமிர் என்பார்களா, சொல்லாமல் வெறும் எண்ணை மட்டும் கூவினால் பார்த்தாயா பயந்துவிட்டாள் என்பார்களா. காட்டினால் ஒரு பேச்சு, காட்டாவிட்டால் ஒரு பேச்சு. காலையில் குளிக்கும்போது இரண்டு மாதிரியும் சொல்லிப்பார்த்தாள், சபாபதி கதவைத் தட்டி யாரோடு பேசுகிறாய் என்று கேட்டார். கை பைக்குள் இறங்கியது, ஒன்றைப் பிடித்தது, விட்டது, பக்கத்தில் இருந்ததைப் பிடித்தது, ஏன் விட்டாள், ஏன் பிடித்தாள், வெளியே எடுத்தாள், எட்டும் ஒன்றும். வந்தேவிட்டது. யோசிக்க நேரம் எடுத்தால் அவ்வளவுதான் என்று தெரிந்தது, கை தானாக நீண்டது, நேராக மேபல் ஆன்ட்டியைப் பார்த்து நீண்டது, “ஃபேட் லேடி வித் எ வாக்கிங் ஸ்டிக், எய்ட்டி ஒன்!” அப்புறம் ஹால் வெடித்தது, கொல்லென்று சிரிப்பு, மேஜையைத் தட்டுகிறார்கள், யாரோ பின்னால் விசிலடிக்கிறார்கள், சபாபதி இல்லை, வேறு யாரோ. மேபல் ஆன்ட்டி கைத்தடியை ஓங்கவில்லை. சீட்டையே பார்த்துக்கொண்டிருந்தாள், பென்சிலை அழுத்தி ஒரு கோடு போட்டாள், இரண்டு நாற்காலியையும் பின்னால் தள்ளிவிட்டு எழுந்தாள்.

“ஹவுஸ்!”

அந்த வயசில் அப்படி ஒரு குரல். மூன்று வருஷமாக ஆன்ட்டிக்கு ஒரு ஹவுஸும் விழவில்லை, ஊருக்கே தெரியும், அவளே வாராவாரம் எல்லோரிடமும் சொல்லிக்கொண்டிருப்பாள். கைதட்டல் கூரையை முட்டியது. என் கூவலில், என் முதல் நாளில், மேபல் கார்வாலோவுக்கு, அதுவும் அவளுடைய எண்ணிலேயே ஹவுஸ். இதைவிட என்ன வேண்டும், திலகவதிக்குத் தலைகால் புரியவில்லை, சொல்லிச் சொல்லி இதைப் பத்து வருஷம் ஓட்டுவார்கள், டில்லி கூவின முதல் நாள் என்று ஆரம்பிப்பார்கள். வழக்கம்போல வில்லையைப் பலகையில் எண்பத்தொன்று என்று எழுதின குழியில் வைக்கப் போனாள். எட்டு இடப்பக்கம், ஒன்று வலப்பக்கம், சரியாகத்தான் உட்கார்ந்தது. கோடு மேலே இருந்தது. அவள் குனிந்து பார்த்தாள். தேய்ந்து, பாதி அழிந்து, மயிரிழை போல ஒரு கோடு, எண்ணுக்கு மேலே. கோடு கீழேதான் இருக்க வேண்டும். விரலால் வில்லையைத் திருப்பினாள். கோடு கீழே போயிற்று, ஒன்று முன்னால் வந்தது, எட்டு பின்னால் போயிற்று. பதினெட்டு.

பதினெட்டு. எண்பத்தொன்று இன்னும் பைக்குள்தான் இருக்கிறது, இருட்டில், மற்ற வில்லைகளோடு. நான் எண்பத்தொன்றைக் கூவவில்லை, கூவ ஆசைப்பட்டேன், ஆசைதான் கண்ணுக்குள் போய் உட்கார்ந்து வில்லையைப் புரட்டிப் போட்டிருக்கிறது. மேபல் ஆன்ட்டி கைத்தடி டக் டக் என்று மேடைப்பக்கம் வருகிறாள், வழியெல்லாம் ஆளாளுக்குக் கையைப் பிடித்துக் குலுக்குகிறார்கள், பரிசு மேஜையில் ரிப்பன் கட்டின டிரான்சிஸ்டர் ரேடியோ இருக்கிறது, ஆன்ட்டி போகிறபோக்கில் அதை ஒரு தட்டு தட்டுகிறாள், தன் வீட்டுக் கன்றுக்குட்டியைத் தட்டுவதுபோல. “இனிமே லண்டன் நியூஸை எவன் வீட்டு வாசல்லேயும் நின்னு கேக்க மாட்டேன்” என்று சத்தமாகச் சொல்கிறாள். யாருக்கும் தெரியாது. யாருக்கும் தெரியப் போவதில்லை. வில்லை குழியில் இருக்கிறது, மேலிருந்து பார்த்தால் எண்பத்தொன்றுதான், ஆட்டம் முடிந்ததும் எல்லாவற்றையும் வழித்துப் பைக்குள் போட்டுவிடுவார்கள், பைக்குள் எண்பத்தொன்று ஏற்கெனவே இருக்கிறதா என்று எவன் தேடப் போகிறான். ஒரு வார்த்தை பேசாமல் இருந்தால் போதும். நாற்காலியும் மிஞ்சும், ஆன்ட்டிக்கு ரேடியோவும் மிஞ்சும், யாருக்கு நஷ்டம், பதினெட்டுக்காகக் காத்திருந்தவர் யாராவது இருக்கலாம், இருக்கிறாரா, தெரியாதே, இல்லாமலும் இருக்கலாமே. நார்பெர்ட் சார் சீட்டை வாங்கிச் சரிபார்க்க மேடைக்கு வந்துவிட்டார். செக்ரட்டரி சீட்டில் இருக்கிற எண்களை ஒவ்வொன்றாக வாசிப்பார், கூவினவர் பலகையைப் பார்த்து ‘கால்ட்’ என்று சொல்ல வேண்டும், கூவியாயிற்று என்று அர்த்தம், ஒன்றொன்றுக்கும் சொல்ல வேண்டும், மைக்கில் சொல்ல வேண்டும்.

“ஃபோர்” என்றார் நார்பெர்ட் சார்.

“கால்ட்.”

குரல் எப்படி இவ்வளவு நிதானமாக வருகிறது, இது ஸ்டேஷன் குரல், உள்ளே எது எரிந்தாலும் இது இப்படித்தான் வரும். அவர் மேல்வரிசையை வாசித்துக்கொண்டு போனார், அவள் கால்ட் கால்ட் என்று சொல்லிக்கொண்டே போனாள், எண்பத்தொன்று கடைசி வரிசையில் கடைசியாக இருப்பது அவர் கையிலிருந்த சீட்டை எட்டிப்பார்த்தபோதே தெரிந்தது, எப்போதும் பெரிய எண் வலது ஓரத்தில், அதற்குள் யோசித்துவிடலாம், யோசிக்க என்ன இருக்கிறது, சொன்னால் நாற்காலி போகும், நியூ இயரிலிருந்து உனக்கில்லை மேன். அது போனால் என்ன போகும், ஸ்டேஷன் இருக்கிறது, சம்பளம் இருக்கிறது, போகாதது எல்லாம் இருக்கிறது, போவது இது ஒன்றுதான், இந்த ஒன்றுக்காகத்தானே சாத்தின ஜன்னலில் காதை வைத்தேன். கால்ட். சொல்லாவிட்டால் நாற்காலி இருக்கும். உட்காருவேன். ஒவ்வொரு சனிக்கிழமையும் உட்காருவேன், ஒவ்வொரு தடவை எண்பத்தொன்று வரும்போதும் ஆன்ட்டியை நோக்கிக் கையை நீட்டுவேன், ஹால் சிரிக்கும், எனக்கு மட்டும் தெரியும். டட்லி என்ன செய்திருப்பார். டட்லிக்கு இது வந்திருக்காது, இருபத்தைந்து வருஷத்தில் ஒரு தடவைகூட வரவில்லையே, எனக்கு முதல் நாளே வந்துவிட்டதே, அப்படியானால் கமிட்டிக்காரர்கள் சொன்னது சரிதானா, எனக்கு இது கொடுத்துவைக்கவில்லையா. கால்ட். கால்ட். நடுவரிசை முடிந்தது. அழுகை மாதிரி ஒன்று மூக்கு வரை வந்தது. அதற்கு மேல் அது வரவில்லை, அதன் இடத்தில் வேறொன்று ஏறி வந்தது, கோபமா என்று பார்த்தாள், கோபமில்லை, கர்வம்தான், அம்மா ஆகாது என்று சொன்ன அதே கர்வம். நான் திலகவதி. நான் கூவினால் அது கூவியது, கூவாதது கூவாதது. எனக்கு இந்தப் பெயர்களெல்லாம் யாரும் பிச்சை போட்டு வரவில்லை, இவற்றைப் பொய்யாகச் சொல்லிச் சாப்பிடுகிற அளவுக்கு நான் இறங்கிப் போகவில்லை. சிக்னல்காரனுக்காகவும் எஞ்சின்காரனுக்காகவும் இத்தனை வருஷம் வருந்திய வாய் எனக்காக ஒரு தடவை வருந்தாதா. கால்ட். கால்ட்.

“எய்ட்டி ஒன்” என்றார் நார்பெர்ட் சார், சீட்டை மடிக்க ஆரம்பித்துக்கொண்டே.

“நாட் கால்ட்” என்றாள் திலகவதி.

மடிக்கிற கை நின்றது. அவர் மைக்கைக் கையால் பொத்தப் பார்த்தார், அவள் மைக்கைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள். “எண்பத்தொண்ணு வரலை. வந்தது பதினெட்டு. வில்லையைத் தலைகீழா பாத்துட்டேன். ராங் கால். தப்பு என்னுது. எண்பத்தொண்ணை அடிச்சவங்க எல்லாரும் அழிச்சிடுங்க, பதினெட்டு இருந்தா அடிங்க. வருந்துகிறேன்.” கடைசிச் சொல் அவளை அறியாமல் எழுத்துத் தமிழாக வந்தது, ஆனால் ‘கிறோம்’ இல்லை, ‘கிறேன்’. ஹாலில் நாற்காலிகள் நகர்ந்தன, ஒரு குரல், ரெண்டு குரல், ஐ டோல்ட் யூ என்று யாரோ சொன்னது தெளிவாகக் கேட்டது. “என்ன பண்ணிட்டே டில்லி” என்றார் நார்பெர்ட் சார், முணுமுணுப்பாக, அழுகிறவர்போல. சபாபதி கடலைப் பொட்டலத்தை மடியில் வைத்துவிட்டு எழுந்து நின்றிருந்தார், எதற்கு எழுந்தோம் என்று தெரியாமல் நின்றிருந்தார். மேபல் ஆன்ட்டி மேடைக்குக் கீழே மைக்குக்கு நேராக நின்றுகொண்டிருந்தாள், முகம் சிவந்து போயிருந்தது, கைத்தடியைத் தரையில் ஓங்கி ஒரு குத்து குத்தினாள்.

“எனக்கு மூணு வருஷம் கழிச்சு ஒரு ஹவுஸ் விழுந்துது, அதையும் புடுங்கிட்டியா? வாயை மூடிட்டு இருக்கத் தெரியாதா உனக்கு?”

“தெரியும் ஆன்ட்டி. இருக்க முடியலை.”

“முடியலையாம்.” ஆன்ட்டி ஏறிட்டுப் பார்த்தாள். “டட்லிக்கு முடிஞ்சுதே மேன். நான் இருபத்தஞ்சு வருஷம் இங்கேயே உக்காந்திருக்கேன், அவன் மூக்குக்கு நேரா. ஆறும் ஒம்பதும் மாத்துவான், பதினெட்டும் எண்பத்தொண்ணும் மாத்துவான், பலகையிலே வைக்கறப்போ பாப்பான், கர்ச்சீஃப் எடுத்து நெத்தியைத் துடைப்பான், அடுத்த நம்பருக்குப் போயிடுவான். துடைக்காத வாரமே கெடையாது. ஒரு நாளாவது வாயைத் திறந்து ராங் கால்னு சொல்லியிருக்கானா? சொன்னாத்தானே தப்பு? சொல்லலே, அதனாலே அவனுக்குத் தப்பே கெடையாது!”

மைக் திறந்தே இருந்தது. ஆன்ட்டியின் குரல் ஹால் முழுக்கப் போய், வாசலில் பீடி பிடித்துக்கொண்டிருந்தவர்கள் வரை போய்ச் சேர்ந்தது. நார்பெர்ட் சார் சீட்டைப் பார்த்தார், பலகையைப் பார்த்தார், தன் ஷூவைப் பார்த்தார், அவருக்கும் தெரிந்திருந்ததா, எல்லோருக்கும் தெரிந்திருந்ததா, சுவருக்கு அந்தப்புறம் இருந்தவளுக்குத்தான் தெரியவில்லையா. சுவருக்கு அந்தப்புறம் குரல் மட்டும்தான் வரும், நெற்றி வராது. இத்தனை வருஷம் அந்தக் குரலைத் தலையில் தூக்கி வைத்துக்கொண்டு, அதற்குப் பக்கத்தில் தன்னை நிறுத்தி நிறுத்தி அளந்து பார்த்து, குறைகிறேன் குறைகிறேன் என்று குன்றிப்போனதை நினைத்தாள். கோபம் வரும் என்று எதிர்பார்த்தாள், வரவில்லை, சிரிப்புத்தான் வந்தது, அடக்கிக்கொண்டாள். பாவம் டட்லி. இத்தனை வருஷத்தில் ஒரு தடவைகூட அந்த மனிதருக்கு இப்போது எனக்கு இருக்கிற மாதிரி இருந்திருக்காது. எப்படி இருக்கிறது, லேசாக இருக்கிறது, நிமிர்ந்து உட்கார்ந்தாள், பட்டுப்புடவை மொரமொரத்தது. இப்போது இந்த நாற்காலியிலிருந்து அவளை எழுப்ப வேண்டுமானால் யாராவது வந்து நேராக முகத்தைப் பார்த்துச் சொல்லட்டும்.

யாரும் வரவில்லை. மேபல் ஆன்ட்டி நார்பெர்ட் சார் கையிலிருந்து தன் சீட்டைப் பிடுங்கினாள். “ரேடியோவை உள்ளே எடுத்து வைக்காதே மேன், ஆட்டம் முடியலே” என்றாள், கைத்தடியை ஊன்றித் திரும்பிப் போய் இரண்டு நாற்காலியையும் இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள், அடித்த எண்பத்தொன்றைச் சுற்றி, இது இன்னும் வர வேண்டும் என்று பெரிதாக ஒரு வட்டம் போட்டாள். கோபம் இன்னும் போகவில்லை, மூச்சு வாங்கியது. “எடு, என்ன பாத்துட்டு உக்காந்திருக்கே.”

திலகவதி பைக்குள் கையை விட்டாள். ஒன்றைப் பிடித்தாள், அதையே எடுத்தாள். கூவவில்லை. முதலில் கோட்டைத் தேடினாள், கண்டுபிடித்தாள், கோடு கீழே வரும்படி திருப்பினாள், பிறகு நாற்காலியிலிருந்து எழுந்து மேடை விளிம்புக்கு வந்து, முதல் வரிசைக்குத் தெரிகிற மாதிரி வில்லையை உயர்த்திப் பிடித்துக் காட்டினாள். மேபல் ஆன்ட்டி கண்ணாடியை இறக்கிப் பார்த்தாள், உதட்டைப் பிதுக்கினாள், தலையை ஆட்டினாள். பின்னாலிருந்து ஒருவர், “இப்பிடி ஒண்ணொண்ணா காட்டிட்டே இருந்தா எப்போ முடிக்கறது?” என்று கத்தினார்.

“முடியறப்போ முடியும்” என்று மைக்கில் சொன்னாள் திலகவதி, போய் உட்கார்ந்தாள், கூவினாள்.